சொல்லிக்கொள்ளாமல் வந்தவர்

பிரசங்கம் செய்யும் ஆவுடையப்பன் 'தவிப்பு' என்று வாயெடுத்தால் போதும், கோயில் பிராகாரத்தில் உட்கார்ந்திருக்கும் கூட்டம் மூக்கைச் சிந்த ஆரம்பித்துவிடும். "பக்தனுடைய தவிப்பு எப்பேர்ப்பட்டது தெரியுமா?" என்று கேட்டுவிட்டுக் கொஞ்சம் நிறுத்துவார். அந்த நிறுத்தத்துக்கே பாதிப் பேர் அழுதுவிடுவார்கள். மனுஷருக்கு அதில் கொஞ்சம் கர்வமும் உண்டு.

அப்பேர்ப்பட்டவர் அன்று மலையடிவார மடத்தில், தன்னைவிட வயதில் சின்னவரான குருவின் முன்னால் வாய் வறண்டு உட்கார்ந்திருந்தார். கல்யாணமாகிப் பல வருஷம் கழித்துப் பிறந்த ஒரே மகள் கோமதி காய்ச்சலில் போய்விட்டாள்.

குரு கீரை ஆய்ந்துகொண்டிருந்தார்.

"சாமி, தவிப்புங்கிற சொல்லுக்கு அர்த்தம் சொல்லுங்க."

"உங்களுக்கா தெரியாது?"

"ஊர் ஊராப் போயி அதைச் சொல்லித்தான் சோறு தின்னேன். பிள்ளை போனப்போ ஒண்ணுமே வரலை. கண்ணுகூட நனையலை. நான் மனுஷன்தானா?"

"வீட்டுக்கார அம்மா எப்படி இருக்காங்க?"

"உலகம்மாளா? மக பாவாடையை மடியில வச்சுக்கிட்டு சுவரோரமா உட்கார்ந்திருக்கா. துட்டி கேட்க வந்த பொம்பளைங்க கட்டிப்பிடிச்சு அழுதாங்க. அதுக்கும் அசையலை."

"நீங்க என்ன சொன்னீங்க?"

"என்னத்தைச் சொல்ல? எந்தச் சொல்லை எடுத்தாலும் மேடையில பேசினதாத்தான் இருந்துச்சு. அவ முகத்தைப் பார்க்க முடியலை. துட்டிக்கு வந்தவங்க எழுந்து கிளம்பினாங்க. நானும் துண்டை உதறித் தோள்ல போட்டுக்கிட்டு அவங்க பின்னாலேயே வந்துட்டேன்."

"எப்போ?"

"முந்தாநாள் காலையில."

"அம்மாகிட்ட சொல்லிக்கிட்டு வந்தீங்களா?"

இது என்ன கேள்வி என்றிருந்தது ஆவுடையப்பனுக்கு. சாவு வீட்டில் யாராவது போய்வருகிறேன் என்று சொல்வார்களா? இவ்வளவு படித்தவருக்கு இதுகூடவா தெரியாது?

"துட்டி வீட்டுல சொல்லிக்கக் கூடாதே சாமி. பேசாம எழுந்து வரணும். அதுதானே வழக்கம்?"

கீரை ஆய்ந்த கை நின்றது.

"அது வந்தவங்களுக்கு வழக்கம். நீங்க அந்த வீட்டுக்கு யாரு?"

வாசலில் தன் செருப்பு இல்லாததை உலகம்மாள் எப்போது பார்த்திருப்பாள் என்று நினைத்தார் ஆவுடையப்பன். அதற்கு மேல் நினைக்கப் பயமாக இருந்தது.

குரு கேட்டார்: "பிள்ளையைப் பறிகொடுத்த ஆம்பளை சொல்லாமக் கொள்ளாமப் போனா, பொண்டாட்டி முதல்ல எங்கே போய்த் தேடுவா?"

"கிணத்துல," என்றார் ஆவுடையப்பன்.

"மகளுக்கு அழக்கூட நேரமில்லாம, முந்தாநாள்ல இருந்து அந்த அம்மா கிணறு கிணறா எட்டிப் பார்த்துக்கிட்டு இருப்பாங்க. அர்த்தத்தை அவங்ககிட்ட போய்க் கேளுங்க."