ஒரு பிடி அரிசி

ஊரில் அத்தனை அடுப்பிலும் பூனை தூங்கிய பஞ்ச காலம். பண்ணையார் நல்லபெருமாள் வீட்டில் தொழுவம் கூட்டுகிற முப்புடாதி, விடிந்ததும் விடியாததுமாக அவர் முன்னால் வந்து நின்றாள்.

“அய்யா, ஒரு பிடி அரிசி தாங்க.”

“ஒரு பிடியில யாருக்குட்டி வயிறு நிறையும்? எனக்கு உசுரைவிட, குலசாமி நகை இருக்க எங்க சாமிப்பெட்டிதான் பெருசு. அதுமேல அடிச்சுச் சத்தியம் பண்ணுதேன், இந்த வீட்டுல ஒரு மணி அரிசி கிடையாது. இருக்குன்னு நினைச்சா பொழுது சாயதுக்குள்ள காட்டு. இல்லன்னா ஊரைவிட்டே போயிரு.”

“நான் எங்கய்யா காட்ட? நீங்களே காட்டுவீங்க” என்றாள்.

நேரே தொழுவத்துக்குப் போனாள். மாட்டை ஈ அண்டாமலிருக்க அன்றாடம் போடுகிற புகைமூட்டத்தில், ஈர வைக்கோலைக் கட்டுக்கட்டாகப் போட்டாள். புகை வீட்டையே மூடிவிட்டது. “தீப்பிடிச்சிருச்சு!” என்று அலறினாள். ஊரே குடமும் கையுமாக ஓடி வந்தது.

பண்ணையார் சாமிப்பெட்டியைத் தாண்டிக்கொண்டு புறவாசலுக்கு ஓடினார். விறகு அறையைத் திறந்து, “மூட்டையைத் தூக்குங்கலே!” என்று கதறினார். விறகுக்குப் பின்னால் கூரை முட்ட அரிசி மூட்டைகள்.

புகை அடங்கியது. தீயைக் காணோம். பண்ணையார் தலை தொங்கிவிட்டது. ஊர்க்காரர்கள் முதல் மூட்டையை அவிழ்த்து முப்புடாதியைக் கூப்பிட்டார்கள். அவள் முந்தானையில் ஒரே ஒரு பிடி அள்ளினாள்.

“நல்லா அள்ளு, மதினி!”

“போதும்யா. எம் புருசன் ராத்திரியே போயிட்டாரு. வாய்க்கரிசிக்கு இது போதும்.”