ஒரு கையும் எழாத சந்தை

உலகம்மையிடம் சீடனாக இருந்து ஊர் திரும்பிய மெய்யப்பனிடம் சந்தையை ஒப்படைத்தார்கள்.

அங்கே உப்பு ஏறினால் கருவாடு ஏறியது. கருவாடு ஏறினால் வண்டிக்கூலி. வண்டிக்கூலி ஏறினால் மறுபடியும் உப்பு. ஒன்றை மட்டும் பிடித்து நிறுத்த முடியாது, நிறுத்தினால் எல்லாவற்றையும் சேர்த்தே நிறுத்த வேண்டும் என்று அவனுக்குப் பட்டது. ஒரு வழக்கம் கொண்டுவந்தான்.

எல்லாச் சரக்கின் விலையையும், எல்லா வேலையின் கூலியையும் அவனே மேடையேறிக் கூவுவான். ஒத்துவராதவர் கை தூக்க வேண்டும். அவன் மாற்றிக் கூவுவான். ஒரு கையும் எழாதபோதுதான் மணி அடிப்பான். அதற்கு முன் ஒரு மிளகாய்கூடக் கைமாறக் கூடாது.

சந்தையில் அடிதடி ஓய்ந்தது. பொழுது சாயும்போது விற்காத மூட்டை ஒன்றும் மிஞ்சவில்லை. சுற்று ஊர்க்காரர்கள் வந்து பார்த்துவிட்டுப் போய்த் தங்கள் சந்தைகளிலும் மணி கட்டினார்கள்.

மழை பொய்த்த வருஷம் குரு உலகம்மை வந்தார்.

“தாயே, ஒரு கையும் எழாத இந்தச் சமநிலை எப்போதும் கிடைக்குமா?” என்று கேட்டான் மெய்யப்பன்.

“கூவு. பார்ப்போம்.”

கூவினான். அரிசி ஏறியது. கூலி இறங்கியது. மற்ற கைகள் ஒவ்வொன்றாக இறங்க, ஒரு கை மட்டும் நின்றது. நெல் குத்தும் செங்கமலத்தின் கை. இடுப்பில் பச்சைக்குழந்தை தன் விரலைச் சப்பிக்கொண்டிருந்தது.

“ஏம்மா, உன் ஒருத்தி கைக்காக ஊரே வெயில்ல காயணுமா?” என்றார் எண்ணெய்க்காரர்.

“இந்தக் கூலிக்கு நாள் முழுக்கக் குத்தினாலும் ஒருவேளைக் கஞ்சி காணாதுங்க. புள்ளைக்குப் பால் சுரக்கணுமே.”

“அரிசி இறங்கணும், கூலி ஏறணும்! மகாராணி வந்திருக்காங்க, வழி விடுங்கப்பா!”

சிரித்தார்கள். மெய்யப்பன் கூலியை ஏற்றிக் கூவினான். நெல்காரர்கள் பக்கம் கைகள் எழுந்தன. இறக்கினான். அவள் கை எழுந்தது. ஏற்றினான், இறக்கினான். வெயில் உச்சிக்கு வந்தது. குழந்தை முதலில் வீறிட்டு அழுதது. பிறகு முனகியது. பிறகு அதுவும் இல்லை.

செங்கமலம் கையை இறக்கினாள். குழந்தையின் தலையை முந்தானையால் மூடிக்கொண்டு, யாரையும் பார்க்காமல், சந்தையை விட்டு நடந்தாள்.

மெய்யப்பன் மறுபடி கூவினான். ஒரு கையும் எழவில்லை. அவனுக்கு நெஞ்சு குளிர்ந்தது.

“பார்த்தீர்களா தாயே! பஞ்சத்திலும் கிடைத்துவிட்டது.”

மணிக்கயிற்றைப் பிடித்தான். அப்போது கூட்டத்தின் ஓரத்தில் ஒரு கை எழுந்தது. குருவின் கை.

“தாயே, நீங்கள் வாங்கவில்லை, விற்கவும் இல்லை. உங்களுக்கு எது ஒத்துவரவில்லை?”

“எனக்கு ஒன்றுமில்லை.”

“பிறகு இது யாருடைய கை?”

குரு செங்கமலம் போன பாதையையே பார்த்துக்கொண்டிருந்தார். கை இறங்கவில்லை.

“அவள் விட்டுவிட்டுப் போனது. ஓடு, வந்து வாங்கிக்கொள்ளச் சொல்.”