வடிவு போட்ட முடிச்சு

“தாயி, நான் கலக்குத பானகத்துல என்ன குறையுது?”

நயினார் கேட்டபோது உலகம்மாள் புளியில் கொட்டை எடுத்துக்கொண்டிருந்தார்.

நயினாருக்கு ஐம்பத்தைந்து வயது. பஸ் ஸ்டாண்டு பக்கத்தில் பழக்கடை வைத்திருந்தார். உலகம்மாளுக்கு நாற்பதுகூட ஆகவில்லை. ஆனால் மாந்தோப்பு மடத்தில் அவர்தான் குரு. அவர் சீடனை அண்ணாச்சி என்பார். சீடன் குருவைத் தாயி என்பார். இதில் யாருக்கு மரியாதை அதிகம் என்று இருவரும் பார்த்ததில்லை.

“கொண்டாங்க, குடிச்சுப் பாப்போம்.”

மாம்பழமும் அன்னாசியும் பொடிப்பொடியாக மிதக்கும் பானகம். எலுமிச்சை, நன்னாரி, தட்டிப் போட்ட இஞ்சி, நாலு புதினா இலை. உலகம்மாள் ஒரே மூச்சில் குடித்தார். தம்ளரைக் கவிழ்த்துக் காட்டினார்.

“ஒண்ணும் குறையலையே அண்ணாச்சி.”

“பின்ன ஏன் யாரும் குடிக்க மாட்டேங்காவ?”

“ஒண்ணு கூடுதலா இருக்கு.”

“எது தாயி?”

உலகம்மாள் புளிக்குத் திரும்பிவிட்டார். இனி அவரிடமிருந்து புளியங்கொட்டைதான் வரும், பதில் வராது. நயினாருக்கு அது பழகிப்போன விஷயம்.

கோடை முழுக்க வெள்ளிக்கிழமை சாயங்காலம் ஊர் ஜனம் மடத்தில் கூடும். ஒருவர் விளக்கு பார்ப்பார், ஒருவர் பாய் விரிப்பார், ஒருவர் சுண்டல் கிண்டுவார். நயினார் தாமாகக் கேட்டு வாங்கிக்கொண்ட வேலை, வருகிறவர்களின் தாகத்துக்குப் பழப் பானகம்.

கேட்டு வாங்கியதுதான் வம்பாகப் போயிற்று.

ஏனென்றால் நயினார் ஒரு காலத்தில் குடித்த குடி ஊருக்கே தெரியும். அவரை அள்ளிக்கொண்டு போய் வீட்டு வாசலில் இறக்காத ஆட்டோக்காரர் அங்கே கிடையாது. குடியை விட்டு இது மூன்றாவது கோடை. விட்டதும் ஊருக்குத் தெரியும். தெரிவது வேறு, நம்புவது வேறு அல்லவா?

அதிலும் அவர் பெண்டாட்டி வடிவு இருந்தாளே!

அவள் தம்ளரை வாங்குவாள். வாய்க்குப் போகிற வழியில் அது மூக்குக்குக் கீழே ஒரு நொடி நிற்கும். அவ்வளவுதான். அப்புறம் மடமடவென்று குடித்துவிடுவாள். வேண்டுமென்று செய்கிறவள் இல்லை. இருபத்தைந்து வருஷம் புருஷனின் சட்டையையும் சொம்பையும் தலையணையையும் மோந்து பார்த்தே வாழ்ந்தவளின் மூக்கு அது. அவளைக் கேட்டுக்கொண்டா வேலை செய்யும்?

ஆனால் பக்கத்தில் நிற்கிறவள் பார்ப்பாள். அவளும் மோந்து பார்ப்பாள். அதைப் பார்த்து அடுத்தவள். கூடவே குடும்பம் நடத்துகிறவளே சந்தேகப்படும்போது நமக்கென்ன வந்தது என்று தம்ளர்கள் ஒவ்வொன்றாக மரத்தடியில் கவிழும்.

அந்தக் கோடையில் மடத்து மாமரங்கள் வாடவே இல்லை.

நயினாரோ ஒவ்வொரு தம்ளரையும் நீட்டிவிட்டு, வாங்கியவர் முகத்தையே பார்த்துக்கொண்டு நிற்பார். குடிக்கிறாரா, மோந்து பார்க்கிறாரா, உதட்டில் வைத்துவிட்டு எடுக்கிறாரா? மற்றவர்கள் செய்தால் கோபம் வரும். வடிவு செய்தால் வலிக்கும். வெட்கத்தைவிட்டுச் சொன்னால், ஊரே குடித்து அவள் ஒருத்தி மோந்து பார்த்தாலும் அவருக்கு அந்தப் பானகம் தோற்றதுதான்.

அடுத்த வெள்ளிக்கு இஞ்சியை நிறுத்திப் பார்த்தார். காரமாக இருப்பதால் சந்தேகப்படுகிறார்களோ?

“கூடுதலாத்தான் இருக்கு,” என்றார் உலகம்மாள்.

அதற்கடுத்த வெள்ளி நன்னாரி போயிற்று. அப்புறம் அன்னாசி போயிற்று. புதினாவும் போயிற்று.

“இன்னும் போகலையே அண்ணாச்சி.”

கடைசியில் வெறும் தர்பூசணியைப் பிழிந்து தண்ணீர் விட்டுக் கொண்டுவந்து வைத்தார்.

“இதுலயுமா தாயி?”

உலகம்மாள் குடித்தார். வாயைத் துடைத்துக்கொண்டார்.

“இதுலதான் ரொம்பக் கூடுதல்.”

நயினாருக்குச் சிரிப்பும் வந்தது, எரிச்சலும் வந்தது. தர்பூசணியிலும் தண்ணீரிலும் கூடுதலாக என்னதான் இருக்க முடியும்? வீட்டுக்குப் போய் ஒரு தம்ளரை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். ஒரு விதைதான் கிடந்தது. அதையும் எடுத்து எறிந்துவிட்டுப் பார்த்தார்.

மறுநாள் நேராகவே கேட்டுவிட்டார்.

“தாயி, நீங்க எல்லார் முன்னாடியும் ஒரு வார்த்தை சொல்லுங்க. நயினார் மாறிட்டான், தைரியமாக் குடிங்கன்னு. அது போதும்.”

“சொல்லலாம். என் வார்த்தையைக் குடிச்சுட்டுப் போவாவ. உங்க பானகத்தை யாரு குடிக்கது?”

நயினார் தலையைச் சொறிந்தார்.

“சித்திரா பௌர்ணமிக்கு ஊரே வரும்,” என்றார் உலகம்மாள். “பானகம் உங்க பொறுப்பு.”

“யாரும் குடிக்கலைன்னா?”

“மாமரம் இருக்குல்லா?”

நயினார் யோசித்தார். கடையில் யோசித்தார், சாப்பிடும்போது யோசித்தார், குளிக்கும்போதும் யோசித்தார். குளித்துக்கொண்டிருந்தபோது வழி கிடைத்தது. எத்தனை சுலபமான வழி! இத்தனை நாள் தோன்றவில்லையே என்று தலையில் அடித்துக்கொண்டார்.

பௌர்ணமிக்கு முதல் நாள் காலையில், மடம் கழுவ வந்த பெண்கள் அத்தனை பேர் கண்ணுக்கு முன்னால், முற்றத்தில் உட்கார்ந்து பழம் வெட்டினார். மாம்பழம், அன்னாசி, தர்பூசணி எல்லாம் குவிந்தன. நீக்கிய இஞ்சியையும் நன்னாரியையும் புதினாவையும் திரும்பக் கூப்பிட்டுக்கொண்டார். வெல்லப்பாகை ஊற்றினார். அண்டா நிறைந்தது.

அப்புறம் வெள்ளைத் துணியை எடுத்து அண்டாவின் வாயில் போர்த்தினார். கயிற்றை வடிவிடம் நீட்டினார்.

“நீயே கட்டு.”

“நானா?”

“உன் கையால முடிச்சுப் போடு. நாளைக்குச் சாயங்காலம் நீயே அவுக்கணும். நடுவுல நான் இந்தப் பக்கம் வந்தேன்னா என்னைக் கேளு.”

வடிவு அவரை ஏற இறங்கப் பார்த்தாள். பிறகு கயிற்றை வாங்கி, இழுத்து இழுத்துக் கட்டினாள். அவள் போட்ட முடிச்சை அவளைத் தவிர யாராலும் அவிழ்க்க முடியாது. ராத்திரி அண்டாவுக்குப் பக்கத்திலேயே பாய் போட்டுப் படுத்துக்கொள்கிறேன் என்றும் சொன்னாள்.

நயினாருக்கு நெஞ்சு நிறைந்துவிட்டது.

அந்த வழியாகப் போன உலகம்மாள் நின்றார். “ஐஸ் போடலையா அண்ணாச்சி?”

“கட்டியாச்சு தாயி. இனி நான் தொட்டா நல்லா இருக்காது.”

“வெயிலு கொளுத்துதே.”

“பழம் ஊறட்டுமே! ஊறினாத்தானே ருசி.”

“சரி,” என்று போய்விட்டார்.

பௌர்ணமி சாயங்காலம் ஊரே வந்தது. பாட்டு முடிந்ததும் ஜனம் அண்டாவை நோக்கி வரிசை கட்டியது. எல்லாருக்கும் முடிச்சைப் பற்றித் தெரிந்திருந்தது. வடிவே முதல் நாளிலிருந்து வீடு வீடாகச் சொல்லி வைத்திருந்தாள். கையில் தம்ளர்கள் தயாராக இருந்தன.

வடிவு முன்னால் வந்தாள். முடிச்சை எல்லாருக்கும் காட்டினாள்.

“நேத்து நான் போட்டது. அப்படியே இருக்கு. பாத்துக்கிடுங்க.”

அவிழ்த்தாள். துணியை விலக்கினாள். பழவாசனை முற்றம் முழுக்கப் பரவியது.

“ஆகா!” என்றது வரிசை.

நயினார் அகப்பையை உள்ளே விட்டார். குனிந்தார்.

குனிந்தபடியே நின்றார்.

அன்னாசி வாசனைக்கு அடியில் இன்னொரு வாசனை இருந்தது. இன்னும் நன்றாக எழும்பவில்லை. தூங்கி விழித்த பிள்ளை மாதிரி இப்போதுதான் புரண்டு படுத்திருந்தது. அண்டாவின் ஓரத்தில் பொடிக் குமிழிகள் ஒன்றையொன்று பிடித்துக்கொண்டு மிதந்தன. ஒரு பகலும் ஒரு ராத்திரியும் மறுபடி ஒரு பகலும் புழுக்கத்தில் கிடந்த பழமும் வெல்லமும் தங்கள் வேலையைச் செய்திருந்தன.

அவருடைய தொண்டை அவரைக் கேட்காமலே ஒருமுறை விழுங்கியது. அதில்தான் அவருக்குச் சந்தேகமில்லாமல் தெரிந்தது. பயந்துபோனார்.

“ஊத்துங்க,” என்றாள் வடிவு.

தம்ளரை நீட்டிக்கொண்டு நின்றாள். முகத்தில் ஒரு சிரிப்பு. கல்யாணமான புதிதில் பார்த்த சிரிப்பு அது. “நான்தான் முதல்ல குடிப்பேன். மோந்தெல்லாம் பாக்க மாட்டேன்.”

மூன்று கோடையாக அவர் கேட்க ஆசைப்பட்ட வார்த்தை. ஊற்றினால் போதும். இத்தனை லேசான புளிப்பு யாருக்குத் தெரியப்போகிறது? யாருக்கும் ஒன்றும் ஆகிவிடாது. நாளைக்கு இந்த ஊரில் அவர் வேறு ஆள்.

நயினார் அகப்பையை அண்டாவிலேயே விட்டார். கையை நீட்டி, வடிவின் தம்ளரை உள்ளங்கையால் மூடினார்.

“வேண்டாம்.”

“ஏன்?”

“கள்ளாயிட்டு.”

முதலில் அவளுக்குப் புரியவில்லை. புரிந்ததும் முகம் சிவந்தது.

“என்ன பேசுதீங்க? நான் போட்ட முடிச்சு! நான் பக்கத்துலயே படுத்துக் கெடந்தேன். ஒரு ஈ எறும்பு உள்ள போகல!”

“யாரும் ஒண்ணும் கலக்கல வடிவு. தானா ஆயிட்டு. ஐஸ் போட்டிருக்கணும். இல்லேன்னா இன்னைக்குக் கலந்திருக்கணும். நான்தான் மூடி வச்சேன்.”

“நல்லாத்தானே மணக்குது! எங்களுக்கு ஒண்ணும் தெரியலையே.”

பின்னாலிருந்து ஒருவர் குரல் கொடுத்தார். “அந்த வாசனையைப் பத்தி அண்ணாச்சிக்கு நாமளா சொல்லிக்கொடுக்கணும்?”

வரிசை சிரித்தது.

நயினார் நிமிர்ந்தார்.

“ஆமா,” என்றார். “எனக்குத்தான் தெரியும்.”

சிரிப்பு நின்றுவிட்டது.

அவர் அண்டாவின் விளிம்பைப் பிடித்துச் சாய்த்தார். கனமான அண்டா. யாரும் கை கொடுக்கவில்லை. பழத்துண்டுகள் முற்றத்து மண்ணில் சறுக்கி ஓடின. வடிவின் காலை நனைத்தன. கடைசிச் சொட்டு வடியும்வரை அவர் தலையைத் தூக்கி யார் முகத்தையும் பார்க்கவில்லை.

அண்டாவைக் கவிழ்த்து வைத்துவிட்டு, அதன் பக்கத்திலேயே தரையில் உட்கார்ந்தார். அவமானமாக இருந்தது. அழுகை வந்தது. அழுதார்.

“இனி என்ன செய்யதுக்கு தாயி?”

உலகம்மாள் உட்கார்ந்திருந்த பலகை காலியாக இருந்தது.

நயினார் கண்ணைத் துடைத்துக்கொண்டு தேடினார். உலகம்மாள் ஒரு தம்ளரை எடுத்துக்கொண்டு ஜனங்களைத் தாண்டித் தாண்டிப் போய்க்கொண்டிருந்தார். கடைசி ஆளுக்குப் பின்னால் போய் நின்றார்.

அப்போதுதான் நயினார் பார்த்தார், வரிசை அப்படியே இருந்தது.

வடிவு முன்னால் நின்றாள். காலெல்லாம் மாம்பழச் சாறு. ஒட்டிக்கொண்டிருந்த அன்னாசித் துண்டை உதறினாள். கோபம் இன்னும் போகவில்லை. போனதாகக் காட்டிக்கொள்ளவும் இல்லை.

“கடையில பழம் இருக்கா?”

“இருக்கு.”

“வெட்டிக் கலக்க எம்புட்டு நேரம் ஆவும்?”

“ஒரு மணி நேரமாவது ஆவும்.”

வடிவு தம்ளரை இடது கையிலிருந்து வலது கைக்கு மாற்றிக்கொண்டாள்.

“போய்ட்டு வாங்க. நிக்கேன்.”