ஓடத்தை நிறுத்திய சுழி

ஆற்றுக்கு நடுவில் ஓடம் நின்றது. கயிறு இல்லை, நங்கூரம் இல்லை, அதுபாட்டுக்கு நின்றது. துடுப்பிலிருந்து தெறித்த தண்ணீர்கூடக் கீழே விழாமல் அந்தரத்தில் தொங்கியது.

இரண்டு நிலாக்கள் காயும் அந்த நாட்டில் இது பெரிய அதிசயம் ஒன்றுமில்லை. காலத்தைப் பிடித்து நிறுத்த அங்கே ஒரு குறி உண்டு. தங்குசுழி என்பார்கள். நீலக் களிமண்ணைக் குழைத்துத் தரையில் விரலால் சுழித்துக்கொண்டே போய், வாலை இழுத்து வாயை மூடினால், எதை நினைத்து வரைந்தார்களோ அது அப்படியே நின்றுவிடும். பால் திரியாமல் இருக்க வரைவார்கள். தீப்புண் பட்டவனை வைத்தியர் வரும்வரை பிடித்து வைக்க வரைவார்கள். ஆனால் ஒன்று. வரைந்தவர் மனம் வைத்துத் தம் உடம்பால் தேய்த்தால்தான் அது அழியும்.

ஓடத்தை நிறுத்தியவன் பொறையன். அதில் அவன் மகள் எவ்வி போய்க்கொண்டிருந்தாள்.

அவனுக்குச் சுழி கற்றுக்கொடுத்தவள் மாசாத்தி. அவனைவிட வயதில் இளையவள். தலை நரைத்த பிறகு கற்றுக்கொள்ள வந்தவனை அன்றைக்கே வேண்டாம் என்று சொல்லியிருக்கலாம். சொல்லாமல் விட்டதற்கு இப்போது நன்றாக அனுபவித்தாள். காலையில் கதவைத் திறந்தால் போதும், ஓடக்காரன் மனைவி வாசலில் நிற்பாள்.

"உங்கள் சீடர் என் புருஷனைத் துடுப்பும் கையுமாக நிறுத்தி வைத்திருக்கிறார். சின்ன நிலா தேய்ந்து வளர்ந்தும் ஆயிற்று. அவரைக் கேட்க ஆள் இல்லையா?"

மாசாத்தி கேட்காமலா இருந்தாள்? கேட்டுக் கேட்டு வாய் வலித்ததுதான் மிச்சம். முதலில், களிமண் ஈரமாக இருக்கிறது, காயட்டும் என்றான். காய்ந்ததும், காற்று எதிர்க்காற்றாக இருக்கிறது என்றான். ஊரார் நாலு பேர் வந்து அவன் கையைப் பிடித்து இழுத்துச் சுழியில் தேய்த்தும் பார்த்தார்கள். கை சிவந்தது, சுழி அசையவில்லை.

அன்று அவள் கஞ்சிச் செம்பை எடுத்துக்கொண்டு படித்துறைக்குப் போனாள். கடைசிப் படியில் சுழிக்குப் பக்கத்தில் பொறையன் உட்கார்ந்திருந்தான். தாடி மண்டிக் கிடந்தது. கண் ஓடத்தை விட்டு நகரவில்லை. ஓடத்தில் எவ்வி கரைக்கு முதுகைக் காட்டி நின்றாள்.

"என்ன பொறையரே, அழிக்கலாமா?"

"ஒரு சந்தேகம், குருவே."

இந்த மனுஷனுக்குச் சந்தேகத்துக்கு மட்டும் பஞ்சமே இல்லை என்று நினைத்துக்கொண்டாள்.

"கேளும்."

"சுழியின் வாயை ஒரு மயிரிழை திறந்துவிட்டால், உள்ளே கொஞ்சம் காலம் கசியும் இல்லையா?"

"கசியும்."

"அப்படியானால், ஓடம் நகராமல் அவள் கழுத்து மட்டும் திரும்புகிற மாதிரி வரைய முடியுமா?"

மாசாத்தி அவனை ஏற இறங்கப் பார்த்தாள்.

"கழுத்து மட்டும்."

"ஆமாம்."

"உடம்பு?"

"அது அங்கேயே இருக்கட்டும்."

"நீர் பொம்மை செய்கிறவனிடம் போயிருக்க வேண்டும். தெரியாமல் என்னிடம் வந்துவிட்டீர்."

அவன் முகம் கொஞ்சமும் மாறவில்லை. உண்மையாகவே பதிலுக்குக் காத்திருந்தான். இவனிடம் கோபப்பட்டுப் பிரயோசனமில்லை என்று அவளுக்குத் தெரியும். தெரிந்தும் கோபம் வந்தது.

"குவளையை நீட்டும்."

நீட்டினான். அவள் செம்பைச் சாய்த்தாள். சாய்க்கும்போதே பக்கத்தில் கிடந்த களிமண்ணில் கால் பெருவிரலைத் தோய்த்து, படியில் சின்னதாக ஒரு சுழி இழுத்து வாயை மூடினாள். கஞ்சி குவளைக்கு நாலு விரல் மேலே அப்படியே நின்றது. அவள் கையை எடுத்தாள். செம்பும் சாய்ந்தபடியே நின்றது.

"குடியும்."

"விழவில்லையே."

"ஒரு சொட்டுகூடச் சிந்தவில்லை பாரும். ஆறவும் ஆறாது, புளிக்கவும் புளிக்காது. குடியும்."

பொறையன் குவளையைத் தூக்கிக் கஞ்சியில் முட்டிப் பார்த்தான். கல்லில் இடித்தாற்போல் 'ணங்' என்றது. கொஞ்ச நேரம் அதையே பார்த்துக்கொண்டிருந்தான். ஏதோ புரிந்துவிட்டது என்று நம்ப மாசாத்தி ஆசைப்பட்டாள்.

"குருவே, இதற்கும் வாயை ஒரு மயிரிழை திறந்தால்..."

அவள் தலையில் அடித்துக்கொண்டாள். காலால் சுழியைத் தேய்த்துவிட்டாள். கஞ்சி சுடச்சுட அவன் கையிலும் முழங்காலிலும் கொட்டியது. உதறிக்கொண்டு எழுந்தவனைத் தோளைப் பிடித்து உட்காரவைத்து, தானும் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"உள்ளதைச் சொல்லும். எதற்குப் பயப்படுகிறீர்?"

அவன் கையைத் தடவிக்கொண்டே சொன்னான்.

"அக்கரையில் மணி வார்க்கிற பட்டறைக்கு வேலைக்குப் போகிறேன் என்றாள். இங்கேயே இருந்து சுழி பழகு என்றேன். மாட்டேன் என்றாள். வாய்க்கு வந்ததையெல்லாம் பேசிவிட்டேன். போனால் திரும்பிப் பார்க்காதே என்றும் சொல்லிவிட்டேன்."

"சரி. எந்த வீட்டில்தான் பேசவில்லை?"

"அவள் சொன்ன பேச்சைக் கேட்கிற பெண்ணில்லை, குருவே. பிறந்ததிலிருந்து ஒரு பேச்சும் கேட்டதில்லை. இதை மட்டும் கேட்டுவிடுவாளோ என்றுதான்..."

மாசாத்திக்குப் பாவமாக இருந்தது. பாவமாக இருந்ததே எரிச்சலாகவும் இருந்தது.

"நான் அழித்து, அவள் திரும்பாமலே போய்விட்டால்?"

"போய்விட்டால் போய்விட்டாள்தான்."

"இப்போது இன்னும் போகவில்லை. திரும்புவாள் என்று காத்திருக்கவாவது எனக்கு வழி இருக்கிறது."

"எப்படி ஐயா திரும்புவாள்? தலையைத் திருப்ப அவளுக்கு ஒரு நொடி வேண்டாமா? அந்த நொடியைத்தானே நீர் பிடுங்கி வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறீர்?"

பொறையன் வாயைத் திறந்தான். சந்தேகம் எதுவும் வரவில்லை. மகளின் முதுகை வெகுநேரம் பார்த்தான். பிறகு கஞ்சி ஒட்டிய கையை வேட்டியில் துடைத்துவிட்டு, உள்ளங்கையைச் சுழியின் மேல் வைத்துத் தேய்த்தான்.

தொங்கிய துளிகள் ஆற்றில் விழுந்தன. துடுப்பு தண்ணீரைத் தள்ளியது. பாதியில் நின்ற பாட்டை, நின்றதே தெரியாமல் ஓடக்காரன் பாடிக்கொண்டு போனான்.

பொறையன் கண்களை இறுக மூடிக்கொண்டான்.

"திரும்பினாளா, குருவே?"

"எனக்கென்ன தெரியும்? அவள் என் மகளா? கண்ணைத் திறந்து நீர்தான் பார்க்க வேண்டும்."