பீரோச் சாவியும் முதல்வர் பேனாவும்

கல்லூரி முதல்வர் கலியபெருமாளுக்கு எல்லார் மேலும் சந்தேகம். ஒரே டிபன் பாக்ஸில் சாப்பிடும் ரெண்டு பெண் கிளார்க்குகளைக்கூட நின்று முறைப்பார். சமூகவியல் துறையில் தன்பாலீர்ப்பாளர்களின் வாழ்க்கை பற்றி ஆய்வு நடந்ததிலிருந்து மனுஷனுக்கு இருப்புக் கொள்ளவில்லை. ஊருக்குள் முப்பத்திரண்டு பேர் ஒப்புதல் படிவத்தில் கையெழுத்துப் போட்டு மனம்விட்டுப் பேசியிருந்தார்கள். அவர்கள் பெயரெல்லாம் பீரோவில். பீரோச் சாவி, தற்காலிக அட்டெண்டர் வடிவின் இடுப்பில்.

ஆய்வு செய்த பேராசிரியை வெளியூர் போன நாள் பார்த்து முதல்வர் வடிவு முன்னால் வந்து நின்றார்.

“பீரோவைத் திற. நம்ம காலேஜ் ஆளுங்க யார் யார் இருக்காங்கன்னு பார்க்கணும். சும்மா தெரிஞ்சுக்கத்தான், யாருக்கும் ஒண்ணும் ஆகாது. திறக்கலேன்னா நாளையிலிருந்து நீ வேலைக்கு வராதே.”

“திறக்கறேன் சார். இந்த நோட்டுல ஒரு கையெழுத்து போட்டுடுங்க. நீங்க ஒப்புதல் குடுத்த விதிதான்.”

நோட்டில் ரெண்டே கட்டம்: ‘ஆய்வு செய்தவர்’, ‘ஆய்வில் பேசியவர்’. பீரோவைத் திறக்கும் உரிமை அவர்களுக்கு மட்டும்தான்.

“ஆய்வு செஞ்சது நீங்க இல்லையே சார். அப்ப இங்க போடுங்க” என்று இரண்டாவது கட்டத்தில் விரலை வைத்தாள் வடிவு.

முதல்வர் பேனாவைத் திறந்தார். வாசலைப் பார்த்தார். ஜன்னலைப் பார்த்தார்.

“யாராவது பார்த்தா என்னம்மா நினைப்பாங்க?”

“சும்மா ஒரு பேருதானே சார். ஒண்ணும் ஆகாதுன்னு இப்பத்தான சொன்னீங்க?”

பேனா நடுங்கியது. மூடிச் சட்டைப்பையில் செருகிக்கொண்டார்.

வடிவு நோட்டை எடுத்து வைத்தாள். “அந்த முப்பத்திரண்டு பேருக்கும் இப்படித்தான் சார் கை நடுங்குச்சு. ஆனா அவங்க கையெழுத்துப் போட்டாங்க.”