பூண் கழன்ற உலக்கை

முன்னொரு காலத்தில் வேங்கைக்கோட்டையை வல்லபராயன் என்றோர் அரசன் ஆண்டுவந்தான். காலையில் இட்ட ஆணையை மாலையில் மாற்றுவது அவன் வழக்கம். பகையரசன் முற்றுகையிட வருகிறான் என்று ஒற்றர்கள் சொன்னதும், நகரத்தார் விறகு அடுக்கினர், கிணறுகளைத் தூர்வாரினர், குதிர்களில் நெல்லை நிரப்பினர்.

அமைச்சர் அறவாழியின் புகழைப் பொறாத தளபதி இரணசிங்கன், தானும் பெயர் வாங்க விரும்பினான். "அரசே, வீட்டுக்கு வீடு உலக்கையின் நுனியில் இரும்புப் பூண் இருக்கிறது. உருக்கினால் அம்புமுனை ஆகும். கட்டையை அவர்களிடமே விட்டுவிடலாம்" என்றான். அரசன் மகிழ்ந்து, பூண் தர மறுப்பவர் கோட்டைக்கு வெளியே துரத்தப்படுவர் என்று பறையறையச் செய்தான்.

பூண்கள் குவிந்தன. அரண்மனை உலக்கைகளும் தப்பவில்லை. அவல் இடித்து விற்கும் சிலம்பாயி மட்டும் தன் உலக்கையை வைக்கோற்போரில் ஒளித்துப் பிடிபட்டாள். பகைவர் வரும் வழியில் அவளைத் துரத்துவதென்று முடிவாயிற்று.

"தண்டனை உணவுக்குப் பின் ஆகட்டும், அரசே. தங்களுக்கும் தளபதிக்கும் இன்று என் வீட்டில் விருந்து வைத்திருக்கிறேன்" என்றார் அறவாழி.

இலைகளில் பருப்பும் நெய்யும் வந்தன. சோறு இருக்கவேண்டிய இடத்தில் நெல் இருந்தது.

"என்னைக் காளைமாடு என்று நினைத்தீரா?" என்றான் தளபதி.

"குதிரில் இருப்பது இதுதான். குத்திவைத்த அரிசி நேற்றோடு தீர்ந்தது."

"கட்டையால் குத்தச் சொல்வதுதானே?"

"குத்தினார்கள். பூண் இல்லாத நுனி பிளந்து சிம்பு சிம்பாக விழுந்தது, உமி போகவில்லை. முற்றுகையில் உம் வீரர்களும் இதைத்தான் மெல்லவேண்டும்."

அரசன் தன் இலையிலிருந்த நெல்மணி ஒன்றை வாயிலிட்டு, வெளியே எடுத்துவிட்டான். "நல்ல உலக்கை ஒன்றுகூடவா இல்லை?"

"ஒன்று உண்டு, அரசே. அதன் சொந்தக்காரியைத்தான் துரத்தப்போகிறோம்."

அரசன் சிரித்துவிட்டான். சிலம்பாயியை அழைத்து, "எனக்குக் கொஞ்சம் குத்தித் தருவாயா?" என்று கேட்டான்.

"தருகிறேன் சாமி. பூண் போன வீட்டுக்காரிகள் உங்களுக்கு முன்பே என்னிடம் சொல்லிவைத்திருக்கிறார்கள். அவர்களுக்கு முடித்துவிட்டுத் தருகிறேன்."

அரசன் காத்திருந்தே உண்டான். சிலம்பாயியை அரண்மனைக் களஞ்சியத்துக்குத் தலைவியாக்கினான். உலைக்குப் போகாத பூண்களையெல்லாம் தளபதியே வீடுவீடாகச் சென்று மாட்டித்தர வேண்டும் என்றான்.

"அம்புக்கு இரும்பு?" என்றான் தளபதி, தாழ்ந்த குரலில்.

"உமது மாளிகை ஊஞ்சல் சங்கிலிகள் நல்ல கனம்" என்றார் அறவாழி.

"என் ஊஞ்சலையும் சேர்த்துக்கொள்ளுங்கள்" என்றான் அரசன்.

பகையரசன் வந்து முற்றுகையிட்டான்; நகரத்தார் பசியின்றி இருந்ததால் சலித்துத் திரும்பினான். வல்லபராயன் மாலையில் மாற்றாத ஆணை, பூண்களைத் திருப்பி மாட்டச் சொன்ன அது ஒன்றே.