ஒரு பட்டன் போதும்

ஈரோட்டில் பழைய வீடியோ கேம் பெட்டிகளைப் பழுது பார்க்கும் பெனாசிரிடம், அவரைவிட வயதில் மூத்த நாச்சிமுத்து தொழில் கற்றுவந்தார்.

ஒரு நாள் நாச்சிமுத்து, கைக்குள் அடங்கும் கேம் கருவி ஒன்றைக் கொண்டுவந்தார். பக்கவாதத்தில் வலக்கை விழுந்துபோன தம்பி மோகனசுந்தரத்துக்காக வாங்கியது. கட்டைவிரலில் மட்டும் கொஞ்சம் அசைவு இருந்தது. பட்டனை அழுத்திப் பழகினால் மற்ற விரல்களுக்கும் அசைவு திரும்பலாம் என்று மருத்துவர் சொல்லியிருந்தார். தம்பியோ எந்தப் பயிற்சிக்கும் கையைக் கொடுக்கவில்லை.

"ஆயிரக்கணக்குல கேம் ஏத்திட்டனுங்க. முதல்ல பேர் வரிசையில அடுக்கினேன். அப்புறம் வெளிவந்த வருசப்படி மாத்தினேன். எது சரிங்க?"

பெனாசிர் ஒரு துணியை எடுத்து நாச்சிமுத்துவின் வலக்கையை இறுகச் சுற்றினார். கட்டைவிரல் நுனி மட்டும் வெளியே தெரிந்தது. அதற்கடியில் கருவியை வைத்தார்.

"உங்களுக்குப் பிடிச்சதை எடுங்கண்ணா."

நாச்சிமுத்து அழுத்தினார். பெயர்கள் ஊர்ந்தன. விரல் கடுத்தது. வேறு ஏதோ திறந்துகொண்டது. அதை மூட இரண்டு பட்டன்களைச் சேர்த்து அழுத்த வேண்டும். முடியவில்லை. நெற்றி வியர்த்தது.

"அவுத்து விடட்டுங்களா?"

"வேண்டாங்க."

அன்றிலிருந்து கடை வேலை முடிந்ததும் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்தார். ஒவ்வொரு கேமாகத் திறந்தார். ஒரே பட்டனில் ஆட முடிந்ததைக் கருவியில் விட்டார். முடியாததைக் கணினிக்கு மாற்றினார். வந்தவர்கள் பார்த்துச் சிரித்தார்கள். கட்டு நெகிழ்ந்தபோதெல்லாம், "இன்னும் இறுக்கிக் கட்டுங்க" என்று பெனாசிரிடம் கையை நீட்டினார்.

கடைசியில் ஒரு சின்னத் தொகுப்பு மிஞ்சியது. அதைத் தம்பியிடம் கொண்டுபோனார்.

மோகனசுந்தரம் வெகுநேரம் திரையையே பார்த்திருந்தார். பிறகு கட்டைவிரல் மெல்ல இறங்கியது. திரையில் ஒரு தவளை தாவி, தண்ணீரில் விழுந்தது. மறுபடியும் விழுந்தது. நாச்சிமுத்து உதவிக்குக் கை நீட்டினார். தம்பி இடக்கையால் அதைத் தள்ளிவிட்டார்.

"நீ சும்மா இரு. நான் பாத்துக்கறேன்."

மறுநாள் நாச்சிமுத்து கடைக்கு வந்ததும் சொன்னார்.

"தோத்துட்டேதான் இருக்கறானுங்க. ஆனா கீழ வைக்க மாட்டேங்கறான்."

பிறகு பெனாசிரிடம் கேட்டார்.

"கணினிக்கு மாத்தினதையெல்லாம் அழிச்சிடட்டுங்களா? ஒத்தை விரலுக்கு அதெல்லாம் எதுக்கு?"

"அழிக்காதீங்கண்ணா. விரல் நடக்க ஆரம்பிச்சிருச்சு. அது தேறி வர்ற வழியில ஒவ்வொரு கேமா வெச்சுட்டே வாங்க."